அண்ணாச்சி பதில்கள்: மதினி வீட்லயா இருக்காங்க?

கேள்வி: என் மருமகள் வடக்கே வளர்ந்தவள். ராத்திரியானால் போனில் 'பாபிஜி கர் பர் ஹைன்' என்ற இந்தித் தொடரைப் பார்த்துத் தனியாகச் சிரிக்கிறாள். பக்கத்து வீட்டுக்காரன் பெண்டாட்டியிடம் வழிகிற கதையாம். இதில் சிரிக்க என்ன இருக்கிறது அண்ணாச்சி?
- ஒரு மாமியார், பாளையங்கோட்டை

பதில்: தலைப்பை நம்ம ஊர்த் தமிழில் சொன்னால் 'மதினி வீட்லதான் இருக்காங்க'. பாதிக் கதை அதிலேயே முடிந்தது. 2015-இல் ஆரம்பித்த தொடர், கதை நடப்பது கான்பூரில் மாடர்ன் காலனி. ஒரு வீட்டில் விபூதி நாராயண் மிஸ்ரா, வேலைவெட்டி கிடையாது, மனைவி அனிதா வகுப்பெடுத்துச் சம்பாதிப்பதில்தான் சாப்பாடு. இன்னொரு வீட்டில் திவாரி, ஜட்டி பனியன் வியாபாரி, அவர் மனைவி அங்கூரி. மிஸ்ராவுக்கு அங்கூரி மேல் கண், திவாரிக்கு அனிதா மேல். (பெயர்தான் விபூதி, போடப் பார்ப்பதெல்லாம் நாமம்!) வாய் நிறைய 'பாபிஜி' என்று கூப்பிட்டுக்கொண்டே வேஷம் கட்டி, பொய் சொல்லி, கடைசியில் உதைதான் வாங்குகிறார்கள். உங்கள் மருமகள் சிரிப்பது அந்த உதைக்கு. எனக்கும் கொஞ்ச நாள் பிடித்தது. ஆனால் அங்கூரி இங்கிலீஷைத் தப்பாகச் சொல்வதையே எத்தனை வருஷம் ஓட்டுவது? அனிதாவிடம் திட்டு வாங்கும்போது மிஸ்ராவின் முகம் போகிற போக்கு இருக்கிறதே, அது மட்டும் அலுக்கவில்லை.

கேள்வி: அதில் மிஸ்ராவை 'நல்லா, நல்லா' என்கிறார்களே, அவ்வளவு நல்லவரா?
- ஒரு வாசகர், அம்பாசமுத்திரம்

பதில்: இந்தியில் அதற்கு வெட்டிப்பயல் என்று அர்த்தம். வடக்கே போய் யாரிடமும் 'நல்லா இருக்கீங்களா' என்று சத்தமாகக் கேட்டுவிடாதீர்கள்.

கேள்வி: பழைய அங்கூரி எங்கே போனார்?
- ஒரு வாசகி, தென்காசி

பதில்: ஷில்பா ஷிண்டே 2016-இல் விலகிவிட்டார், அப்புறம் சுபாங்கி அத்ரே வந்தார். அங்கூரி அடிக்கடி சொல்லும் 'சஹீ பக்டே ஹைன்' (சரியாப் பிடிச்சீங்க) மட்டும் மாறவில்லை.

கேள்வி: இதை நம்ம திருநெல்வேலியில் எடுத்தால் ஓடுமா?
- ஒரு கல்லூரி மாணவர், பேட்டை

பதில்: ஒரே வளவில் நாலு குடித்தனம், நடுவில் ஒரு அடிபம்பு என்று இருந்த காலத்தில் எடுத்திருந்தால் ஓடியிருக்கும் தம்பி. அங்கே யாரும் மதினியிடம் வழிய வேண்டாம், குடத்தை வரிசையில் யார் முன்னால் வைத்தது என்பதிலேயே நூறு எபிசோடு தேறும். இப்போது காம்பவுண்டு சுவர் வந்துவிட்டது, ஆனாலும் ஒன்றும் குறையவில்லை. போன வாரம் அடுத்த வீட்டு மதினி சுவருக்கு மேலே ஒரு தூக்குச்சட்டி நிறைய சொதியை நீட்டினார், கூடவே கிண்ணத்தில் இஞ்சித் துவையல். 'உங்க கைப்பக்குவம் யாருக்கு மதினி வரும்' என்று நான் சொல்லி வாயை மூடவில்லை, உள்ளேயிருந்து எங்கள் வீட்டம்மா குரல்: "சட்டியைக் கழுவிக் குடுக்கணும், மறந்திராதிய!" அதையும் நான்தான் கழுவினேன். வெறுஞ்சட்டியாகத் திருப்பிக் கொடுக்கக்கூடாதே என்று இவள் அதில் நாலு அதிரசம் போட்டாள், கொண்டுபோய்க் கொடுக்க மட்டும் பையனை அனுப்பிவிட்டாள்.