கேம் போய்விட்டது, இடம் மட்டும் வரவில்லை

(கணினிக் கேள்வி–பதில் பகுதி. பதில் சொல்பவர் திருகோணமலை டொக்யார்ட் வீதியில் கணினி திருத்தும் கடை நடத்துகிறார். இம்முறை வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் கேம் அழிப்பது பற்றியவை. அவற்றையே எடுத்திருக்கிறோம்.)

கேள்வி: மகன் அடுத்த வருடம் உயர்தரப் பரீட்சை எழுதுகிறான். படிப்புக்கென்று வாங்கிக் கொடுத்த லப்டொப்பில் ஸூம் வகுப்பைப் பதிவுசெய்து வைக்கக்கூட இடமில்லை. கேட்டால், “கேம் எல்லாத்தையும் அழிச்சிட்டன் அம்மா” என்கிறான். திரையில் ஒரு கேமின் படமும் இல்லை, அது உண்மைதான். ஆனால் சி ட்ரைவ் இன்னும் சிவப்பாகவே நிற்கிறது. பிள்ளை பொய் சொல்கிறானா?
– ஒரு தாய், உவர்மலை

பதில்: இல்லை அக்கா, அவனைப் பொறுத்தவரை அவன் அழித்துவிட்டான். அழித்தது எதை என்பதில்தான் சிக்கல். திரையில் இருக்கும் அந்தப் படம் கேம் அல்ல, ஷோர்ட்கட். கேம் எங்கே இருக்கிறது என்று காட்டுகிற சின்னக் கோப்பு, அவ்வளவுதான். கடைக்கு இதே முறைப்பாட்டோடு வருகிற லப்டொப்களில் முதலில் ரீசைக்கிள் பின்னைத் திறந்து பார்ப்பேன். வரிசையாகப் பத்துப் பன்னிரண்டு கேம் படங்கள் கிடக்கும். எல்லாம் சேர்ந்தும் ஒரு வட்ஸ்அப் புகைப்படத்தின் அளவு வராது. அதே நேரம் சி ட்ரைவுக்குள் ஒரே ஒரு கேம் நூறு ஜிபியைத் தாண்டிக் குந்திக்கொண்டிருக்கும்.

உங்கள் மகன் பாவிப்பது ஸ்டீம் என்று வைத்துக்கொள்கிறேன். இங்கே நான் பார்க்கிற பிள்ளைகளின் கணினிகளில் பெரும்பாலும் அதுதான். வால்வ் என்ற அமெரிக்க நிறுவனம் 2003இல் தொடங்கியது. கேமை வாங்குவது, இறக்குவது, புதுப்பிப்பது எல்லாம் அதற்குள்ளேயே நடக்கும். அழிப்பதும் அதற்குள்ளேதான் நடக்க வேண்டும்.

ஸ்டீமைத் திறந்து மேலே ‘லைப்ரரி’ என்பதை அழுத்துங்கள். இடது பக்கம் கேம்களின் பெயர்கள் வரும். வெள்ளையாகத் தெரிபவை டிஸ்க்கில் இருப்பவை, மங்கலாகத் தெரிபவை கணக்கில் மட்டும் இருப்பவை. மங்கலானவற்றை விட்டுவிடுங்கள், அவை இடம் பிடிப்பதில்லை. வெள்ளைப் பெயர் ஒன்றின் மேல் வலது கிளிக் செய்து ‘மேனேஜ்’, அதற்குள் ‘அன்இன்ஸ்டோல்’. உண்மையாகவா என்று ஒருமுறை கேட்கும், ஓம் என்று சொன்னால் சரி.

நிறையக் கேம் இருந்தால் இப்படி ஒவ்வொன்றாகக் கிளிக் பண்ணிக்கொண்டிருக்கத் தேவையில்லை. ‘செட்டிங்ஸ்’ உள்ளே ‘ஸ்டோரேஜ்’ என்று ஒரு பக்கம் இருக்கிறது. எனக்கு ஸ்டீமில் மிகவும் பிடித்த பக்கம் அதுதான். எந்த ட்ரைவில் எந்தக் கேம் எவ்வளவு ஜிபி என்று பக்கத்திலேயே போட்டிருக்கும். வேண்டாதவற்றுக்கு நேரே சரி போட்டு ஒரேயடியாக அழிக்கலாம். சின்னக் கேம் இருபதை எடுப்பதை விட மேலே நிற்கிற பெரிய இரண்டை எடுத்தால் போதும், சிவப்பு நீலமாகிவிடும்.

ஆனால் அதற்கு முன்னால் ஒன்றைக் கவனியுங்கள், இல்லாவிட்டால் வீட்டில் சண்டை வரும். கேம் போனாலும் மகன் விளையாடிச் சேர்த்த முன்னேற்றம், அதாவது ‘சேவ்’, போகக்கூடாது. பல கேம்கள் அதை ஸ்டீம் கிளவுட்டில், அதாவது இணையத்தில் ஸ்டீம் வைத்திருக்கும் இடத்தில், ஏற்றி வைக்கும். கேமின் பக்கத்தில் ‘பிளே’ பொத்தானுக்கு அருகே கிளவுட் என்று எழுதி, நிலை சரியா இல்லையா என்று காட்டியிருக்கும். அப்படி எதுவும் இல்லாத கேம் என்றால் சேவ் அந்தக் கணினியில்தான் இருக்கிறது. பெரும்பாலும் ‘டொக்யுமென்ட்ஸ்’ உள்ளே ‘மை கேம்ஸ்’ என்ற ஃபோல்டரில் அல்லது மறைந்திருக்கும் ‘அப்டேட்டா’ (AppData) ஃபோல்டரில் கிடக்கும். எந்த இடம் என்று மகனுக்கே தெரிந்திருக்கும். அதைப் பென் ட்ரைவில் கொப்பி பண்ணி எடுக்கச் சொல்லுங்கள்.

அழித்த பிறகும் கொஞ்சம் மிச்சம் இருக்கலாம். ஸ்டீம் தான் கொண்டுவந்ததைத்தான் எடுக்கும். மகன் வெளியிலிருந்து போட்ட மொட் (கேமை மாற்றியமைக்க மற்றவர்கள் செய்த கோப்பு), கேம் தானாக உருவாக்கிய கோப்பு இவற்றை அது தொடாது. சி ட்ரைவில் ‘ப்ரோக்ராம் ஃபைல்ஸ் எக்ஸ்86’, அதற்குள் ‘ஸ்டீம்’, ‘ஸ்டீம்அப்ஸ்’, ‘கொமன்’ என்று போனால் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு ஃபோல்டர் இருக்கும். அழித்த கேமின் பெயரில் இன்னும் ஃபோல்டர் இருந்தால் அதைக் கையால் எடுத்துவிடலாம். பிறகு ரீசைக்கிள் பின்னையும் காலியாக்குங்கள்.

வரிசை முக்கியம். முதலில் ஸ்டீமுக்குள் அன்இன்ஸ்டோல், பிறகுதான் ஃபோல்டர். மாற்றிச் செய்தால் ஸ்டீமுக்கு விஷயம் தெரியாது, அதன் கணக்கில் கேம் இருந்தபடியே இருக்கும். யாராவது ‘பிளே’ அழுத்தினால் கோப்பைக் காணோம் என்று புலம்பும். சரிபார்க்கச் சொன்னால் காணாமல்போன அத்தனை ஜிபியையும் மறுபடி இறக்கத் தொடங்கும். ஏற்கெனவே அப்படிச் செய்துவிட்டீர்கள் என்றாலும் பயமில்லை, ஸ்டீமுக்குள் போய் அதே அன்இன்ஸ்டோலை அழுத்தினால் கணக்கு நேராகிவிடும்.

இன்னொன்று. கோபத்தில் ஸ்டீமையே அழித்துவிடாதீர்கள். விண்டோஸிலிருந்து ஸ்டீமை எடுத்தால் அதன் ஃபோல்டருக்குள் இருக்கும் கேம் எல்லாம் சேர்ந்தே போகும். சிலருக்கு அதுதான் தேவை என்பதும் எனக்குத் தெரியும். உங்கள் கேள்வியை வாசித்தால் அந்த எண்ணம் கொஞ்சம் தெரிகிறது! ஆனால் பரீட்சை முடிந்த அடுத்த நாளே மகன் அத்தனையையும் மறுபடி இறக்குவான், பெக்கேஜ் காசு கட்டுவது நீங்கள். நூறு ஜிபி இறக்குவது நம் வீடுகளில் சின்ன விஷயமில்லை. நள்ளிரவுக்குப் பிறகு கிடைக்கிற இரவு டேட்டாவுக்காக அலாரம் வைத்து எழும்புகிற பிள்ளைகளை நான் அறிவேன்.

ஆகவே வெளி ஹார்ட் டிஸ்க் ஒன்று கைவசம் இருந்தால், மிகவும் பிடித்த கேம் ஒன்றிரண்டை மட்டும் அதற்கு மாற்றிவிட்டு அழிக்கச் சொல்லுங்கள். கேமின் ‘ப்ரொப்பர்ட்டீஸ்’ உள்ளே ‘இன்ஸ்டோல்ட் ஃபைல்ஸ்’ என்ற இடத்தில் பேக்கப் எடுக்கும் பொத்தான் இருக்கிறது. வீட்டில் இரண்டாவது கணினி ஒன்று இருந்து அதிலும் அதே கேம் இருந்தால் இன்னும் சுகம். 2023இலிருந்து ஸ்டீம் ஒரே வீட்டு வைஃபைக்குள் ஒரு கணினியிலிருந்து மற்றதற்குக் கேமை மாற்றித் தருகிறது. இணையத்திலிருந்து மறுபடி இறக்கத் தேவையில்லை.

இதையெல்லாம் மகன் தூங்கும்போது செய்யாமல் பக்கத்தில் இருத்தி வைத்துச் செய்யுங்கள் அக்கா. எந்தக் கேமை வைப்பது என்று அவனே சொல்லட்டும். ஒன்றை வைத்துக்கொள்ளச் சம்மதித்தால் மற்ற ஒன்பதையும் தானே அழிப்பான். கடையில் பார்த்த அனுபவம்.

ஆ, 256 ஜிபி என்று வாங்கிய டிஸ்க் 238 என்று காட்டினால் அதற்கும் மகனைப் பிடிக்காதீர்கள். தயாரிப்பாளர் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார், விண்டோஸ் 1024, 1024ஆக எண்ணுகிறது.

கேள்வி: ஸ்டீம் போன்ற இன்னொரு கேம் கடையான எபிக்கில் வாராவாரம் இலவசமாகத் தருகிற கேம்களை விடாமல் எடுத்து வைக்கிறேன் அண்ணா. இப்போது லைப்ரரி நிறைந்து வழிகிறது. லப்டொப் மெதுவானதற்கு இதுதான் காரணமா?
– மாணவன், கிண்ணியா

பதில்: இல்லை தம்பி. ‘கெட்’ அழுத்தி எடுத்தது உங்கள் கணக்கில் ஒரு பெயராக ஏறுகிறது, அவ்வளவுதான். இன்ஸ்டோல் பண்ணும் வரை டிஸ்க்கில் ஒரு ஜிபியும் போகாது. 2020 மே மாதம் ஜி.டி.ஏ. 5ஐ இலவசமாகக் கொடுத்தபோது கூட்டம் தாங்காமல் எபிக் தளமே கொஞ்ச நேரம் படுத்துவிட்டது. அன்றைக்கு எடுத்து வைத்துவிட்டு இன்றுவரை ஒருமுறைகூட இறக்காதவர்கள் என் வாடிக்கையாளர்களிலேயே இருக்கிறார்கள்.

இறக்கியதை எடுக்க வேண்டுமென்றால் எபிக் லைப்ரரியில் கேமின் பெயருக்குக் கீழே மூன்று புள்ளி இருக்கும். அதை அழுத்தி ‘அன்இன்ஸ்டோல்’. லப்டொப் மெதுவாவதற்கு நான் சந்தேகப்படுவது வேறு: ஸ்டீம், எபிக், கேம் விளையாடுபவர்கள் பேசிக்கொள்ளப் பாவிக்கும் டிஸ்கோர்ட் எல்லாம் கணினி திறந்தவுடன் தாங்களும் எழும்பிக்கொள்வதை. டாஸ்க் மேனேஜரில் ‘ஸ்டார்ட்அப்’ பகுதிக்குப் போய் அவற்றை ‘டிஸேபிள்’ பண்ணுங்கள். தேவையானபோது நீங்களே திறக்கலாம்.

கேள்வி: எங்கள் விருந்தினர் விடுதி வரவேற்பு மேசைக்கு இரண்டாம் கைக் கணினி வாங்கினோம். முன்பு வைத்திருந்தவர் வலோரன்ட் விளையாடியிருக்கிறார். அதை அழித்துவிட்டோம். ஆனாலும் ஒவ்வொரு முறை திறக்கும்போதும் மூலையில் ‘வேன்கார்ட்’ என்று ஏதோ வருகிறது. வைரஸா?
– விடுதி முகாமையாளர், நிலாவெளி

பதில்: வைரஸ் இல்லை. வலோரன்ட்டை வெளியிடும் ரயட் நிறுவனத்தின் காவல்காரன் அது. கள்ள விளையாட்டு விளையாடுகிறார்களா என்று பார்ப்பதற்காக விண்டோஸோடு சேர்ந்தே எழும்பும். கேமை அழித்தால் கேம் மட்டும் போகும், இது தனி மென்பொருள் என்பதால் தங்கிவிடும். விண்டோஸ் ‘செட்டிங்ஸ்’, ‘அப்ஸ்’, ‘இன்ஸ்டோல்ட் அப்ஸ்’ என்று போய் ‘ரயட் வேன்கார்ட்’ என்ற பெயரைத் தேடி அன்இன்ஸ்டோல் பண்ணுங்கள். அதற்கு முன் ஊழியர் யாரும் அந்தக் கணினியில் லீக் ஒஃப் லெஜன்ட்ஸ் விளையாடவில்லையே என்று கேட்டுக்கொள்ளுங்கள், 2024இலிருந்து அதற்கும் வேன்கார்ட் வேண்டும். இரவு வேலைக்கு இருக்கிறவரின் முகத்தைப் பார்த்தாலே பதில் தெரிந்துவிடும்.

எனக்கு வேன்கார்டை விடப் பெரிய கவலை வேறு. பழைய சொந்தக்காரரின் ஸ்டீம், எபிக், கூகுள் கணக்குகள் திறந்தபடியே இருக்கின்றனவா? இருந்தால் எல்லாவற்றிலிருந்தும் ‘சைன் அவுட்’ பண்ணுங்கள். அதைவிட நல்லது, விருந்தினரின் கடவுச்சீட்டு விவரம் பதிகிற கணினி என்பதால், விண்டோஸையே புதிதாகப் போடுவது. ஒரு மத்தியான வேலைதான்.

கேள்வி: ஸ்டீமில் ஒரு கேம் வாங்கினேன், பிடிக்கவில்லை. அன்இன்ஸ்டோல் பண்ணினேன், காசு திரும்பி வரவில்லை. லைப்ரரியிலும் பெயர் அப்படியே நிற்கிறது. நண்பர்கள் பார்த்தால் பகிடி பண்ணுவார்கள். முழுதாக எப்படித் தொலைப்பது?
– பாலையூற்று இளைஞர்

பதில்: என்ன கேம் என்று நான் கேட்கவில்லை.

காசு வேண்டுமென்றால் முதலில் அதைப் பாருங்கள். வாங்கி 14 நாட்களுக்குள், விளையாடியது 2 மணித்தியாலத்துக்குக் குறைவு என்றால் ஸ்டீம் திருப்பித் தரும். ஆனால் கேட்க வேண்டும். அன்இன்ஸ்டோல் பண்ணுவது கேட்பதாகாது. ‘ஹெல்ப்’ மெனுவில் ‘ஸ்டீம் சப்போர்ட்’ போய், அந்தக் கேமைத் தெரிவுசெய்து பணத்தைத் திருப்பிக் கேளுங்கள். மெனுவைப் பார்ப்பதற்காக ஓடவிட்டுச் சாப்பிடப் போன நேரமும் அந்த 2 மணித்தியாலத்தில் சேரும்.

நாள் கடந்துவிட்டது, பெயர்தான் பிரச்சினை என்றால், வலது கிளிக், ‘மேனேஜ்’, ‘ஹைட் திஸ் கேம்’. இது உங்கள் கண்ணிலிருந்து மட்டும் மறைக்கும். நண்பர்கள் கண்ணிலிருந்து மறைக்க அதே இடத்தில் ‘மார்க் அஸ் ப்ரைவட்’ இருக்கிறது. அதை அழுத்தினால் நீங்கள் அந்தக் கேமை வைத்திருப்பதோ விளையாடுவதோ அவர்களுக்குத் தெரியாது. கணக்கிலிருந்தே அடியோடு எடுக்க வேண்டுமென்றால் திரும்பவும் ஸ்டீம் சப்போர்ட்டில் அந்தக் கேமைத் தெரிவுசெய்து, கணக்கிலிருந்து நிரந்தரமாக நீக்கு என்பதை அழுத்துங்கள். அதற்குக் காசு ஒன்றும் வராது. நான் என்றால் ப்ரைவட்டோடு நிறுத்துவேன். காசு கொடுத்து வாங்கியது, மழைக்காலத்தில் ஒருநாள் பொழுது போகாமல் திறந்தும் பார்ப்பீர்கள்.

கேள்வி: பேரன் விடுமுறைக்கு வந்து, தேவையில்லாத கேமை அழிக்கிறேன் தாத்தா என்று என் கணினியைத் துப்புரவாக்கினான். சொலிடேரும் போய்விட்டது. எனக்கு இருந்ததே அது ஒன்றுதான்.
– ஓய்வுபெற்ற தபால் அதிபர், தம்பலகாமம்

பதில்: ஐயா, 1990இல் விண்டோஸ் 3.0 உடன் வந்த காலத்திலிருந்து அதை விளையாடுகிற ஆட்கள் எனக்கு நிறையத் தெரியும், அவர்கள் முன்னால் நான் வாய் திறப்பதில்லை. கீழே ‘மைக்ரோசொஃப்ட் ஸ்டோர்’ என்ற பை போன்ற படத்தை அழுத்தி, ‘மைக்ரோசொஃப்ட் சொலிடேர் கலெக்ஷன்’ என்று தேடி, ‘கெட்’ கொடுங்கள். இலவசம். ஐந்து வகை உள்ளே இருக்கும், பழையது ‘க்ளொண்டைக்’ என்ற பெயரில். இடையில் விளம்பரம் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். காசு கட்டினால் விளம்பரம் வராது என்று அது சொல்லும், கட்டத் தேவையில்லை.