அமெரிக்கன் ஃபுட்பாலில் பந்தையே தொடாத அந்த ஐந்து கனத்த ஆட்களுக்கு ஏன் கோடிக்கணக்கில் சம்பளம்? அவர்கள் பிழைப்பு எப்படி?

சின்னத் திருத்தம் ஒன்று. அந்த ஐவரில் நடுவில் குனிந்து நிற்பவர் ஒவ்வொரு முறையும் பந்தைத் தொடுகிறார். கால்களுக்கு நடுவே பந்தைப் பின்னால் விட்டு ஆட்டத்தைத் தொடங்கி வைப்பவரே அவர்தான். சென்டர் என்று பெயர். அவருக்கு இருபுறமும் கார்டுகள், இரண்டு ஓரங்களிலும் டேக்கிள்கள். இந்த ஐந்து பேரும் சேர்ந்ததுதான் அஃபென்சிவ் லைன்.

மற்ற நால்வரும் பந்தைத் தொடாமலே ஒரு சீசனை முடித்துவிடலாம் என்பது உண்மைதான். 50 முதல் 79 வரை எண் போட்டவர்கள் முன்னோக்கி வீசும் பந்தைப் பிடிக்கக் கூடாது. பந்து வீசுபவரின் கையை விட்டுப் போகும் முன், ஆட்டம் தொடங்கும் கோட்டைத் தாண்டி ஒரு யார்டுக்கு மேல் போகவும் கூடாது. பிடிக்கத்தான் வேண்டுமென்றால் அந்த ஆட்டத் துண்டு (பந்து கிளம்பியதிலிருந்து நிற்கும் வரையான ஒரு முயற்சி) தொடங்கும் முன்பே நடுவரிடம் போய்ச் சொல்லியாக வேண்டும். 2023 டிசம்பர் 30 அன்று டல்லாஸ் கவ்பாய்ஸ் அணியோடு நடந்த ஆட்டத்தில் டெட்ராய்ட் லயன்ஸின் இடது டேக்கிள் டெய்லர் டெக்கர் கடைசி நேரத்தில் இரண்டு புள்ளி தரும் பந்தைப் பிடித்தார். “என்னிடம் வந்து சொன்னது 70-ஆம் எண்காரர், 68-ஆம் எண் டெக்கர் அல்ல” என்று நடுவர் அதைச் செல்லாமல் ஆக்கினார். ஒரு புள்ளியில், 19-20 என்று லயன்ஸ் தோற்றது. லயன்ஸ் ரசிகரிடம் இந்தப் பேச்சை எடுத்தால் சாயங்காலம் வரை உட்கார வேண்டியதுதான்.

இனி வேலைக்கு வருவோம். பந்தை வீசும் ஆட்டத்தில், வீசுபவரான க்வார்ட்டர்பேக்குக்கு இவர்கள் வாங்கித் தர வேண்டியது இரண்டரை, மூன்று நொடி. கேட்க அற்பமாக இருக்கும். எதிரே நிற்பவர் 120 கிலோ எடையோடு குறுகிய தூரத்தில் குதிரை மாதிரிப் பாய்பவர். அவர் முன்னால் ஓடி வருகிறார். டேக்கிள் பின்னால் நகர்ந்தபடியே அவரை மறிக்க வேண்டும். முன்னால் வருபவனைப் பின்னால் போய்க்கொண்டே நிறுத்துவதுதான் இந்தத் தொழிலின் முழுச் சிரமமும்.

இடது டேக்கிளைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்ப்போம். பந்து நகர்ந்ததும் அவர் வெளிப்புறக் காலை, அதாவது இடது காலை, சாய்வாகப் பின்னால் எடுத்து வைக்கிறார். உள்கால் தரையை உரசினாற்போல அதைத் தொடர்ந்து வருகிறது. கிக் ஸ்லைடு என்பது இதுதான். இரண்டு கால்களும் ஒன்றையொன்று தொடக் கூடாது, குறுக்கே போகவே கூடாது. கால் சேர்ந்திருக்கும் நொடியில் நெஞ்சில் ஒரு கை பட்டால் 145 கிலோ ஆளும் விழுவார். இடுப்பு எதிராளியை நோக்கியே இருக்க வேண்டும். ஓரமாகச் சுற்றி ஓடிவிடுவானோ என்று பயந்து இடுப்பைச் சீக்கிரமே வெளிப்பக்கம் திருப்பினால் உள்பக்கக் கதவு திறந்துவிடும். எதிரணியின் ஓரத்து ஆளான நல்ல டிஃபென்சிவ் எண்ட் அதற்காகவே இரண்டு அடி வெளியே ஓடிக் காட்டிவிட்டு உள்ளே சுழன்று நுழைவார். க்வார்ட்டர்பேக்குக்கு உள்வழிதான் குறுகிய வழி என்பதால் டேக்கிளுக்கு முதல் பாடமே “உள்ளே விடாதே” என்பதுதான். வெளியே சுற்றுபவனை அவன் போகிற வேகத்திலேயே இன்னும் பின்னால் தள்ளி, க்வார்ட்டர்பேக் நிற்கும் இடத்தைத் தாண்டி அனுப்பிவிட்டால் போதும்.

அடுத்தது கை. முந்தி நீட்டினால் எதிராளி அதைத் தட்டிவிட்டு, முன்னால் சாய்ந்த உடம்பை அப்படியே இழுத்துத் தள்ளிவிட்டுப் போவான். பிந்தினால் அவன் கை முதலில் நம் நெஞ்சில் ஏறிவிடும். முழங்கைகள் விலாவோடு ஒட்டியிருக்க, உள்ளங்கைகள் எதிராளியின் நெஞ்சுத் தட்டில் தோள்களுக்கு உள்ளே போய்ப் பதிய வேண்டும். பிடி தோளுக்கு வெளியே போய், அவன் திரும்பும்போதும் விடாமல் இருந்தால் ஹோல்டிங். 10 யார்டு தண்டனை. அதனால்தான் அணிகள் புது வீரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டுக்கு முன், இண்டியானாபொலிஸில் நடக்கும் கம்பைன் என்ற உடல்தகுதிச் சோதனையில் இவர்கள் கை நீளத்தை அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு வரை அளக்கிறார்கள். டேக்கிளுக்கு 34 அங்குலம் இருந்தால் நிம்மதி, 33-க்குக் கீழே போனால் “இவனைக் கார்டாக மாற்று” என்ற பேச்சு வந்துவிடும். 2023-இல் 11-வதாகத் தேர்வான பீட்டர் ஸ்கரான்ஸ்கியைக் கை குட்டை என்று டைட்டன்ஸ் அணி கார்டாக்கியது. 2025-இல் வில் கேம்பலுக்கும் கம்பைனில் 33 அங்குலம் தேறவில்லை. ஆனாலும் பேட்ரியட்ஸ் நான்காவது தேர்விலேயே அவரை எடுத்து இடது டேக்கிளாக நிறுத்தியது. அளவுகோலை வேதமாக எடுத்துக்கொள்ளக் கூடாது என்பது என் கட்சி. கால் சரியாக நகர்ந்தால் அரை அங்குலத்தை ஈடுகட்டலாம். கால் நகராதவனுக்கு 36 அங்குலக் கையும் உதவாது.

நேராக நெஞ்சில் முட்டித் தள்ளிக்கொண்டு வருபவனுக்கு வேறு வைத்தியம். முட்டு வாங்கியதும் இடுப்பைக் கீழே இறக்கி, இரண்டு காலையும் சின்னதாகப் பின்னால் துள்ளி மறுபடி ஊன்ற வேண்டும். நங்கூரம் போடுவது என்றே சொல்வார்கள். முழங்கால் மடங்க வேண்டும், இடுப்பு மடங்கக் கூடாது. “இடுப்பில் மடங்குகிறவன்” என்று ஆள் தேடும் ஸ்கவுட் எழுதிவிட்டால் அந்தப் பையனின் டிராஃப்ட் மதிப்பு சரிந்துவிடும்.

குண்டு என்று நினைக்கிறோமே, அது பாதி உண்மை. டிரிஸ்டன் வெர்ஃப்ஸ் 2020 கம்பைனில் 145 கிலோ எடையில் 40 யார்டை 4.85 நொடியில் ஓடி, நின்ற இடத்திலிருந்து 36.5 அங்குலம் எம்பினார். வலது டேக்கிளாகப் பெயரெடுத்த அவரை 2023-இல் பக்கனியர்ஸ் இடப்பக்கம் மாற்றியது. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இது வெறும் இடமாற்றம். உள்ளே இருப்பவருக்கு எந்தக் கால் முதலில், எந்தக் கை முதலில் என்று உடம்பு மனப்பாடம் செய்த எல்லாமே தலைகீழ்; வலக்கைக்காரர் திடீரென்று இடக்கையால் கையெழுத்துப் போடுவது மாதிரி. அதையும் செய்து காட்டியதால்தான் 2024-இல் 5 வருடத்துக்கு 14 கோடி டாலர் ஒப்பந்தம். வலக்கை க்வார்ட்டர்பேக்கின் முதுகு இடப்பக்கம் இருப்பதால் முன்பெல்லாம் இடது டேக்கிளுக்குத்தான் பெரிய பணம். இப்போது டிஃபென்ஸ் தன் சிறந்த ஆளை எந்தப் பக்கமும் நிறுத்துகிறது. வலது டேக்கிள் பெனே சூவெல் 2024-இல் 4 வருடத்துக்கு 11.2 கோடி டாலர் வாங்கினார்.

பலரும் கவனிக்காத பகுதி தலைக்குள் நடக்கும் வேலை. பந்து கிளம்பும் முன் சென்டரும் க்வார்ட்டர்பேக்கும் எதிரணியின் முன்வரிசைக்குப் பின்னால் நிற்கும் லைன்பேக்கர்களில் ஒருவரைக் காட்டி “இவன்தான் மைக்” என்று அறிவிப்பார்கள். யார் யாரை மறிப்பது என்ற கணக்கு அந்த ஒருவரிடமிருந்துதான் தொடங்கும். மைக் தவறிப்போனால் ஒருவனை இரண்டு பேர் மறித்துக்கொண்டிருக்க, இன்னொருவன் காலியான சந்தில் நேராக ஓடி வருவான். எதிரணி இரண்டு பேர் குறுக்கே இடம் மாறி நுழையும் ஸ்டண்ட்டும் உண்டு: டேக்கிள் தன் ஆளைத் தொடர்ந்து உள்ளே ஓடாமல் கார்டிடம் ஒப்படைத்துவிட்டு, கார்டின் ஆளை வாங்கிக்கொள்ள வேண்டும். இருவரும் ஒரே ஆழத்தில் நிற்காவிட்டால் ஒருவர் மீது ஒருவர் மோதிக்கொள்வார்கள். ஐந்து நட்சத்திரங்களை வாங்கிப் போட்டாலும் லைன் உடனே செட் ஆகாததற்குக் காரணம் இதுதான். சேர்ந்து ஆடி ஆடித்தான் அது வரும்.

வெளியூர் மைதானத்தில் கூச்சலில் க்வார்ட்டர்பேக்கின் குரல் கேட்காது. அப்போது சென்டர் குனிந்து முன்னால் பார்த்துக்கொண்டிருக்க, கார்டு பின்னால் திரும்பிப் பார்ப்பார். க்வார்ட்டர்பேக் காலைத் தூக்கிச் சைகை காட்டியதும் கார்டு சென்டரின் தொடையில் தட்டுவார். சென்டர் தலையை ஆட்டிவிட்டு, பேசி வைத்த தாளத்தில் பந்தை விடுவார். நான்கைந்து முறை பார்த்ததுமே எதிரணி அந்தத் தலையாட்டலை வைத்துப் பாயத் தொடங்கும் என்பதால் தாளத்தை மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். மாற்றியதை ஒருவர் மறந்து முந்தி அசைந்தால் ஃபால்ஸ் ஸ்டார்ட், 5 யார்டு பின்னால்.

வாரம் எப்படிப் போகும்? ஞாயிறு ஆட்டம், திங்கள் அந்த ஆட்டத்தின் ஃபிலிமைப் போட்டுப் பார்ப்பது. ஒவ்வொரு ஆட்டத் துண்டுக்கும் பயிற்சியாளர் பிளஸ், மைனஸ் போட்டிருப்பார். அறுபது துண்டில் ஐம்பத்தெட்டு சரியாக இருந்தாலும் எல்லார் முன்னாலும் ஓடுவது அந்த இரண்டுதான். செவ்வாய் ஓய்வு, அதாவது ஐஸ் தொட்டியும் மசாஜ் மேசையும். புதன், வியாழன் முழுப் பயிற்சி, வெள்ளி லேசாக, சனி நடந்து பார்ப்பதோடு சரி. கவசம் போட்டு மோதும் பயிற்சிக்கு சீசனில் 14 நாள்தான் வீரர் சங்கத்துடனான ஒப்பந்தம் அனுமதிக்கிறது. இதற்கிடையே சாப்பாடு ஒரு தனி ஷிஃப்ட் வேலை. ஒரு நாளைக்கு 5,000 கலோரிக்கு மேல், ஐந்தாறு வேளை. பசி இல்லாவிட்டாலும் சாப்பிட்டாக வேண்டும். நவம்பரில் நாலு கிலோ இறங்கினால் நெஞ்சில் முட்டுபவனுக்கு அது உடனே தெரிந்துவிடும்.

உடுப்பிலும் தந்திரம் உண்டு. ஜெர்சியைத் தோலோடு ஒட்டினாற்போலத் தைத்து, தோள் கவசத்தின் மீது இரட்டைப் பக்க டேப் ஒட்டி அதன்மேல் இழுத்து மாட்டுவார்கள். எதிராளிக்குப் பிடிக்க ஒரு மடிப்புக்கூடக் கிடைக்கக் கூடாது. விரல்களுக்கு டேப். ஹோல்டிங்குக்கும் நல்ல பிடிக்கும் நடுவில் பிசகிக்கொள்வது அந்த விரல்கள்தான்.

பெரிய காயங்கள் பெரும்பாலும் தன் எதிராளியால் வருவதில்லை. நின்று மறித்துக்கொண்டிருக்கும்போது வேறு யாரோ பின்னாலிருந்து காலில் வந்து விழுவார்கள். முழங்கால் பக்கவாட்டுத் தசைநாரோ கணுக்காலோ போகும். பலர் முட்டிப் பட்டை போடுவது அதற்குத்தான். கிளீவ்லேண்ட் பிரவுன்ஸின் ஜோ தாமஸ் 2007-இல் முதல் ஆட்டத்திலிருந்து ஒரு துண்டுகூட விடாமல் 10,363 துண்டுகள் தொடர்ந்து ஆடினார். 2017 அக்டோபரில் கையின் பின்தசை கிழிந்ததும் அது நின்றது. பதினொரு சீசன், சீசன் முடிவில் நடக்கும் வெளியேற்றுச் சுற்றான பிளேஆஃபில் ஒரே ஒரு ஆட்டம்கூடக் கிடையாது. அவர் காத்த க்வார்ட்டர்பேக்குகள் மட்டும் இருபது பேர். 2023-இல் ஹால் ஆஃப் ஃபேம். தோற்ற அணியின் லைன்மேனை உலகம் இப்படி நினைவு வைப்பது அபூர்வம்.

தலை விஷயம் தனி. ஒவ்வொரு துண்டிலும் நடக்கும் சிறு முட்டல்கள் பெரிய மோதல் போலக் கண்ணுக்குத் தெரியாது, ஆனால் சேர்ந்துகொண்டே போகும். ஸ்டீலர்ஸ் சென்டர் மைக் வெப்ஸ்டர் 2002-இல் 50 வயதில் இறந்தார்; அவர் மூளையை ஆராய்ந்த டாக்டர் பென்னட் ஒமாலுதான் தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் வரும் சிடிஇ மூளை நோயை ஃபுட்பால் வீரரிடம் முதலில் கண்டவர். 2017 ஜூலையில் வெளியான ஆய்வில், தானமாகத் தரப்பட்ட, தொழில்முறை லீகான என்எஃப்எல்லில் ஆடிய 111 வீரர்களின் மூளைகளில் 110-இல் அந்த நோய் இருந்தது. சந்தேகம் வந்த குடும்பங்கள் கொடுத்த மூளைகள் என்பதால் இதை எல்லா வீரருக்குமான விகிதமாக எடுக்கக் கூடாது. ஆனாலும் இரண்டே நாளில் ரேவன்ஸ் கார்டு ஜான் உர்ஷல் 26 வயதில் ஓய்வு அறிவித்தார். எம்ஐடியில் கணிதத்தில் முனைவர் பட்டம் படித்துக்கொண்டிருந்தவர். இப்போது அங்கேயே பேராசிரியர்.

பணத்தைப் பற்றிக் கேட்டீர்கள். பத்திரிகையில் வரும் கோடிகள் மேல்தட்டில் இருக்கும் சிலருடையவை. அதிலும் உத்தரவாதமான பகுதி மட்டுமே நிச்சயம். 2025-இல் புதியவருக்குக் குறைந்தபட்சச் சம்பளம் வருடத்துக்கு 8.4 லட்சம் டாலர், அதுவும் சீசன் முழுக்க அணியின் 53 பேர் பட்டியலில் இருந்தால். அந்தப் பட்டியலுக்கு வெளியே பயிற்சிக்கென வைத்திருக்கும் பிராக்டிஸ் ஸ்குவாடில் இருந்த இளைஞருக்கு அதே வருடம் வாரம் 13,000 டாலர். எந்தச் செவ்வாய்க்கிழமையும் அனுப்பிவிடலாம். ஏஜெண்டுக்கு 3 சதவீதம் வரை போகும். ஆடப்போன மாநிலங்களில் வருமான வரி போடும் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி வரி. மூன்று சீசன் கணக்கில் ஏறினால்தான் ஓய்வூதியமும், விலகிய பின் ஐந்து வருட மருத்துவக் காப்பீடும். பலர் அந்த மூன்றைத் தொடுவதில்லை.

தொடுபவர்களில் கெட்டிக்காரர்கள் ஒரு வழி கண்டிருக்கிறார்கள்: பல இடம் ஆடக் கற்பது. ஆட்ட நாளில் எட்டு லைன்மேன்களை வைத்திருக்கும் அணி 48 பேரைக் களத்துக்குக் கொண்டுவரலாம், இல்லாவிட்டால் 47 தான். ஆகவே மூன்று உபரி ஆட்களுக்கு இடம் உண்டு. இரண்டு பக்கமும் ஆடும் டேக்கிளும், கார்டாக ஆடிக்கொண்டே சென்டர் வேலையும் தெரிந்தவரும் பெயர் வெளியே தெரியாமலே எட்டு வருடம் ஓட்டிவிடுவார்கள்.

ஓய்வுக்குப் பின் முதல் வேலை எடையைத் திருப்பிக் கொடுப்பது. ஜோ தாமஸ் இருபது கிலோவுக்கு மேல் குறைத்தார். பழைய படத்தோடு வைத்துப் பார்த்தால் தம்பி என்பார்கள். பதினைந்து வருடம் வயிறு முட்டச் சாப்பிட்ட பழக்கத்தை விட முடியாதவர்களுக்குத்தான் ரத்த அழுத்தமும் தூக்கத்தில் மூச்சடைப்பும். விரல்கள் மட்டும் கோணலாகவே இருக்கும், அதற்கு உணவுக்கட்டுப்பாடு கிடையாது.

அடுத்த ஆட்டம் பார்க்கும்போது பந்தை ஒரு நொடி மறந்துவிட்டு, ஓரத்தில் நிற்கும் டேக்கிளின் கால்களை மட்டும் பாருங்கள். இரண்டாவது எட்டு வைப்பதற்குள் பந்து எங்கே போகும் என்று தெரியாவிட்டாலும், க்வார்ட்டர்பேக் நிற்பாரா விழுவாரா என்பது தெரிந்துவிடும்.