ஐகானை இழுத்து எறிந்தால் விளையாட்டு போகாது, 400 ரேண்டும் தர வேண்டாம்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் உள்ள மெரேபேங்கிலிருந்து ஒரு அக்கா எழுதியிருக்கிறார். பென்ஷனில் இருப்பவர், கையில் 32 ஜிபி ஆண்ட்ராய்டு போன். டிசம்பர் விடுமுறைக்கு வந்த பேரப்பிள்ளைகள் விளையாட்டுகளாக ஏற்றிவிட்டுப் போய்விட்டார்கள், இப்போது "ஸ்டோரேஜ் ஃபுல்" என்று போன் நாள் முழுக்கக் கத்துகிறது, வாட்ஸப்பில் வரும் படம் எதுவும் திறக்க மறுக்கிறது. திரையில் இருந்த விளையாட்டுகளை எல்லாம் இழுத்து எறிந்துவிட்டாராம், இடம் மட்டும் திரும்பவில்லையாம். பக்கத்து போன் கடைத் தம்பி 400 ரேண்ட் கொடுங்கள், "கிளீன்" செய்து தருகிறேன் என்கிறார். கொடுக்கலாமா, பேத்தியின் கல்யாணப் படங்கள் போய்விடுமா, அப்புறம் ஏர்டைம், அதாவது போனில் ஏற்றி வைத்த காசு, வேறு தானாகக் குறைகிறதே, அதற்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா என்று கேட்கிறார்.

அக்கா, கொடுக்காதீங்க. அந்தத் தம்பி கெட்டவர் என்று சொல்லவில்லை. ஆனால் "கிளீன்" என்று பல கடைகளில் செய்வது ஃபேக்டரி ரீசெட் என்னும் ஒரே வேலைதான். போனைப் பெட்டியிலிருந்து எடுத்த அன்று இருந்த நிலைக்குக் கொண்டுபோய்விடுவது. ஐந்து நிமிஷ வேலை, செட்டிங்ஸில் யார் வேண்டுமானாலும் செய்யலாம், செலவு கிடையாது. அதில் விளையாட்டு போகும், கூடவே கல்யாணப் படமும் போகும், வாட்ஸப் பேச்சும் போகும். வேறு எங்காவது நகல் எடுத்து வைத்திருந்தால்தான் திரும்பும். "பேக்கப் எடுத்துக்கிட்டீங்களா?" என்று கேட்காமல் போனைக் கையில் வாங்குகிறவரிடமிருந்து உடனே திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, பின் நம்பர். கடையில் போனை விட்டுவிட்டு பின்னையும் ஒரு துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுத்துவிட்டு மளிகை வாங்கப் போகிற பழக்கம் நம்மவர்களிடம் நிறைய இருக்கிறது. உள்ளே பேங்க் செயலி இருக்கிறது, அந்த பேங்க் அனுப்பும் ஓடிபி வந்து விழுவதும் அதே போனில்தான். வீட்டுச் சாவியை இப்படி யாரிடமாவது கொடுப்போமா?

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் இழுத்து எறிந்தது ஐகானை மட்டும்தான். கடையின் பெயர்ப் பலகையைக் கழற்றினால் உள்ளே இருக்கும் மூட்டைகள் காலியாகாது, அதுபோல. ஐகானை அழுத்திப் பிடித்தால் இரண்டு சொல் வரும், ஒன்று ரிமூவ், இன்னொன்று அன்இன்ஸ்டால். ரிமூவ் என்றால் திரையிலிருந்து மறைப்பது, அவ்வளவுதான். அன்இன்ஸ்டால் என்றால்தான் விளையாட்டு போகும், அது பிற்பாடு இறக்கி வைத்திருந்த பெரிய பெரிய கோப்புகளும் சேர்ந்து போகும். இரண்டு சொல்லையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, வித்தியாசத்தை எங்கேயும் ஒரு வரி சொல்லாமல் விட்டிருக்கிறார்கள். யாருக்காகத்தான் இதையெல்லாம் வடிவமைக்கிறார்களோ.

ஐகான்தான் இப்போது திரையில் இல்லையே என்று கவலைப்பட வேண்டாம். பிளே ஸ்டோரைத் திறந்து மேலே வலது மூலையில் இருக்கும் உங்கள் வட்டப் படத்தைத் தொடுங்கள். "மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்" என்று வரும், அதற்குள் "மேனேஜ்". போனில் இருக்கும் எல்லாமே அங்கே பட்டியலாக நிற்கும். வரிசைப்படுத்தும் இடத்தில் சைஸ் என்று மாற்றினால் அதிகம் தின்பவன் மேலே வருவான். வேண்டாதவற்றுக்கு எதிரே உள்ள கட்டத்தில் டிக் போட்டு மேலே குப்பைத்தொட்டியைத் தொட்டால் ஒரே அடியில் பல விளையாட்டுகள் போய்விடும். உங்கள் கல்யாணப் படங்களுக்கு ஒன்றும் ஆகாது, விளையாட்டை அழித்தால் கேலரி அழியாது.

மேலிருந்து தொடங்குங்கள். சீட்டு விளையாட்டு, லூடோ மாதிரிச் சின்னவற்றைப் பத்து அழித்தாலும் பெரிதாக இடம் வராது. பசங்க ஏற்றும் துப்பாக்கிச் சண்டை, கார் ரேஸ் விளையாட்டு ஒன்றே இரண்டு மூன்று ஜிபி பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். 32 ஜிபி என்று பெட்டியில் போட்டிருந்தாலும் போனின் சொந்த அமைப்புக்கே பத்து ஜிபிக்கு மேல் பெரும்பாலும் போய்விடுவதால், மிச்சத்தில் மூன்று ஜிபி என்பது சின்ன விஷயமில்லை.

இப்போது, அழிக்கும் முன் ஒரு விஷயம். இதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்லப் போகிறேன், ஏனென்றால் இங்கேதான் வீட்டில் அழுகை வருகிறது. பேரன் இரண்டு வருஷமாக விளையாடி ஏறிய லெவல், சேர்த்த நாணயம் எல்லாம் எங்கே இருக்கிறது என்று பார்க்க வேண்டும். விளையாட்டைத் திறந்தபோது அவன் கூகுள் கணக்கிலோ ஃபேஸ்புக்கிலோ நுழைந்திருந்தால் அந்த லெவல் அநேகமாக அந்த விளையாட்டுக் கம்பெனியின் கணினியில் பத்திரமாக இருக்கும், நாளைக்கு வேறு போனில் இறக்கி அதே கணக்கில் நுழைந்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். ஆனால் பசங்க பொறுமையில்லாமல் "கெஸ்ட்" என்று தட்டிவிட்டு உள்ளே போயிருப்பார்கள். கெஸ்ட் என்றால் பல விளையாட்டுகளில் எல்லாமே உங்கள் போனுக்குள் மட்டும் இருக்கிறது என்று பொருள், அன்இன்ஸ்டால் செய்த நிமிஷம் போச்சு, கம்பெனிக்கு எழுதினாலும் திரும்புவது கஷ்டம். அதனால் அவனுக்கு ஒரு போன் போடுங்கள், விளையாட்டின் செட்டிங்ஸுக்குள் கணக்கோடு இணைக்கும் வழி இருக்கிறதா என்று கேளுங்கள். அங்கே அவனுடைய அல்லது அவன் அம்மாவின் கணக்கைப் போடச் சொல்லுங்கள், உங்களுடையதை வேண்டாம், அப்புறம் ஒவ்வொரு தடவையும் பாஸ்வேர்டு கேட்டு உங்களைத்தான் எழுப்புவான். இணைக்க வழியே இல்லாத விளையாட்டும் உண்டு. அப்போது முடிவு அவனுடையது, அடுத்த விடுமுறை வரை அந்த ஒன்றை மட்டும் விட்டுவைத்தாலும் குடி முழுகிவிடாது, மற்றவற்றைத் தூக்குங்கள்.

நடுவழி ஒன்றும் இருக்கிறது. 2023-இலிருந்து பிளே ஸ்டோர் செட்டிங்ஸில், ஜெனரல் பகுதியில், செயலிகளைத் தானாக ஆர்கைவ் செய்வதற்கு ஒரு பொத்தான் உண்டு. இடம் போதாமல் போகும்போது நீண்ட நாள் தொடாத செயலியைச் சுருக்கி வைக்கும், ஐகானும் லெவலும் இருக்கும், இடத்தில் ஏறக்குறைய 60 சதவீதம் திரும்பும் என்று கூகுள் சொல்கிறது. திரும்ப விளையாட வேண்டுமென்றால் மறுபடி டேட்டா செலவழித்து இறக்க வேண்டும், அதுதான் சங்கடம். இந்த நாட்டில் டேட்டா விலையைப் பற்றி நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. சின்ன பண்டில் வாங்கும் ஏழைகள்தான் ஒரு எம்பிக்கு அதிகம் கொடுக்கிறார்கள் என்று வணிகப் போட்டியைக் கண்காணிக்கும் போட்டி ஆணையமே 2019 டிசம்பரில் அறிக்கையில் எழுதிவைத்தது. அதனால் இறக்குவதை மகன் வீட்டு வைஃபையில் வைத்துக்கொள்ளுங்கள்.

போன் வாங்கும்போதே உள்ளே இருந்த விளையாட்டுகள் சிலவற்றுக்கு அன்இன்ஸ்டால் என்ற சொல்லே வராது, டிசேபிள் என்றுதான் வரும். அதைத் தட்டிவிடுங்கள், ஓடாது, தொல்லை பண்ணாது, அதன் அப்டேட் பிடித்த இடமும் திரும்பும். மூலப் பொருள் மட்டும் போனின் பூட்டிய பகுதியில் கிடக்கும், அதை எடுத்தாலும் அந்த இடம் உங்கள் படத்துக்கு வரப்போவதில்லை. நாம் காசு கொடுத்து வாங்கிய போனில் நாம் கேட்காத விளையாட்டை வைத்து, அதை எடுக்கவும் விடாமல் பூட்டுகிறார்கள். இருபத்துநான்கு மாதக் காண்ட்ராக்டில் இப்படியொரு சின்ன போனைத் தலையில் கட்டிவிட்டு, ஒரு வருஷம் கழித்து இடமில்லை என்று நாம் போய் நின்றால் பெரிய போனுக்கு மாறுங்கள் என்கிறார்கள். கோபம் வராமல் என்ன செய்யும்.

இந்த இடத்தில்தான் கடைக்காரர் "ரூட் பண்ணினால் எல்லாம் போயிடும்" என்பார். ரூட் என்றால் கம்பெனி போட்ட பூட்டை உடைத்து போனின் உள் அமைப்பிலேயே கை வைப்பது. வேண்டாம். ரூட் செய்த போனில் பல பேங்க் செயலிகள் திறக்கவே மறுக்கும். 2008-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் பழுதான பொருளை 6 மாதத்துக்குள் திருப்பிக் கொடுக்க உங்களுக்கு உரிமை தருகிறது, ஆனால் கம்பெனி சொன்னதற்கு மாறாகப் பொருளை மாற்றியமைத்திருந்தால் அந்தப் பாதுகாப்பு நிற்காது. ரூட் செய்துவிட்டுக் கடைக்காரர் நகர்ந்துவிடுவார், ஆறு மாதத்துக்குள் கெட்டால் கவுண்டரில் நின்று வாதாட வேண்டியது நீங்கள்தான்.

அடுத்து, "கிளீனர்", "பூஸ்டர்" என்று சொல்லும் செயலிகள். விளம்பரம் வரும், உங்கள் போனில் குப்பை நிறைந்திருக்கிறது என்று சிவப்பில் மிரட்டும். ஒன்றையும் இறக்காதீர்கள். இடமில்லாத போனில் இடம் பிடித்துக்கொண்டு விளம்பரம் காட்டுவதுதான் அவற்றில் பாதிக்கு வேலை. 2020 பிப்ரவரியில் தொல்லை தரும் விளம்பரங்களுக்காகக் கூகுள் ஏறக்குறைய 600 செயலிகளை பிளே ஸ்டோரிலிருந்து தூக்கியது, தூக்கிய பிறகு புதுப் பெயரில் புதியவை வந்துகொண்டுதான் இருக்கின்றன. உதவிக்கு ஒன்று வேண்டுமென்றால் கூகுளின் ஃபைல்ஸ் செயலி போதும், இலவசம், பல போன்களில் ஏற்கெனவே இருக்கும். சந்தை ஓரத்தில் "1 டிபி" என்று அச்சடித்துச் சல்லிசாக விற்கும் மெமரி கார்டும் அப்படித்தான். உள்ளே இருப்பது சின்ன கார்டு, நிறைந்ததும் பழைய படத்தின் மேலேயே புதியது எழுதி இரண்டையும் கெடுக்கும்.

விளையாட்டைத் தூக்கிய பிறகும் இடம் போதவில்லை என்றால், உண்மைக் குற்றவாளி பெரும்பாலும் வாட்ஸப். தினம் காலையில் வரும் முருகன் படமும் குட்மார்னிங் வீடியோவும் ஒன்றுவிடாமல் போனில் இறங்குகின்றன. கோயில் குழு, குடும்பக் குழு, பழைய பள்ளிக் குழு என்று மூன்று இருந்தால் கேட்கவே வேண்டாம். வாட்ஸப் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா, அதில் மேனேஜ் ஸ்டோரேஜ். 5 எம்பிக்கு மேற்பட்டவை தனியாக, பலமுறை ஃபார்வர்ட் ஆனவை தனியாக நிற்கும், பார்த்துப் பார்த்து அழிக்கலாம். அதே செட்டிங்ஸில் தானாக இறங்குவதையும் நிறுத்திவிடுங்கள். கூகுள் ஃபோட்டோஸிலோ ஃபைல்ஸிலோ அழித்த படங்கள் குப்பைத்தொட்டியில் ஒரு மாதமாவது கிடக்கும், அதையும் காலி செய்தால்தான் இடம் வரும். ஆண்ட்ராய்டு செட்டிங்ஸில் வாட்ஸப்புக்கு எதிரே "கிளியர் டேட்டா" என்று இருப்பதை மட்டும் தொட்டுவிடாதீர்கள், பேக்கப் இல்லையென்றால் அத்தனை பேச்சும் போய்விடும். "கிளியர் கேஷ்" ஆபத்தில்லை.

கடைசியாக அந்த ஏர்டைம். விளையாட்டை அழித்தால் சந்தா நிற்காது, இது பலருக்குத் தெரியவில்லை. பிளே ஸ்டோர் வழியாக எடுத்த சந்தா என்றால் அதே வட்டப் படத்துக்குள் பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் என்ற இடத்தில் ரத்து செய்ய வேண்டும், சில நெட்வொர்க்குகளில் அந்தக் கட்டணம் நேராக ஏர்டைமில் கழிகிறது. அங்கே ஒன்றும் இல்லையென்றால், பேரன் விளையாடும்போது வந்த விளம்பரத்தைத் தட்டியதில் ஏதோ ஒரு கண்டென்ட் சேவையில், அதாவது பாட்டு, வீடியோ, விளையாட்டு என்று தந்து ஏர்டைமில் காசு எடுக்கும் சேவையில், உங்கள் நம்பர் சேர்ந்திருக்கலாம். தினம் சில ரேண்ட் கழியும், பென்ஷன்காரரின் ஏர்டைமில் அது சின்னப் பணமில்லை. இந்தச் சேவைக்காரர்களின் சங்கத்துக்கு வாஸ்பா என்று பெயர். அதன் இணையதளத்தில் உங்கள் நம்பரைக் கொடுத்து சந்தாவை நிறுத்தச் சொல்லலாம், புகாரும் எழுதலாம். நெட்வொர்க் உதவி எண்ணுக்கும் போன் செய்து கண்டென்ட் சேவை எல்லாவற்றையும் என் நம்பரில் தடை செய்யுங்கள் என்று கேளுங்கள். "நீங்கள்தான் ஒப்புக்கொண்டிருக்கிறீர்கள் மேடம்" என்பார்கள், எந்தத் தேதியில் எப்படி ஒப்புக்கொண்டேன், பதிவைக் காட்டுங்கள் என்று திருப்பிக் கேளுங்கள், ரெஃபரன்ஸ் நம்பர் வாங்காமல் போனை வைக்காதீர்கள்.

பிளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஒவ்வொரு வாங்குதலுக்கும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைத்துவிடுங்கள். பாஸ்வேர்டைப் பேரனிடம் சொல்லாதீர்கள்.