கோரை தலையாட்டிய கனவு

கேள்வி: மெசொப்பொத்தேமியாவின் (இன்றைய ஈராக் பகுதி) பழந்தெய்வங்களில் அதிகம் பேசப்படாத, ஆனால் உங்களுக்கு மிகவும் பிடித்த தெய்வம் எது?

கெஷ்டினன்னா. யோசிக்கவே வேண்டாம்.

பெயருக்கு 'வானத்துத் திராட்சைக்கொடி' என்று பொருள் சொல்வார்கள். இடையன் துமுசியின் உடன்பிறந்தாள். துமுசியின் மனைவிதான் பேர்பெற்ற காதல் தெய்வம் இனன்னா. அவள் கதையைப் படிக்கப் போகிறவர்கள் கடைசி வரிகளில்தான் கெஷ்டினன்னாவைச் சந்திக்கிறார்கள். பாதாளத்திலிருந்து மீண்ட இனன்னா தனக்கு ஈடாக ஓர் உயிரைத் தர வேண்டும். தனக்காகத் துக்கம் காக்காமல் பகட்டாக உடுத்தி அரியணையில் இருந்த கணவனைக் காட்டிவிடுகிறாள். பிறகு துமுசிக்குத் தீர்ப்பு: பாதாளத்தில் ஆண்டில் பாதி நீ, பாதி உன் உடன்பிறந்தாள்.

இந்த முடிவே வெகுகாலம் தெளிவாகத் தெரியாமல் இருந்தது. கதை எழுதப்பட்ட களிமண் பலகைகள் துண்டு துண்டாகத்தானே கிடைத்தன! துமுசி திரும்பி வருவதே இல்லை என்று சொல்லிவந்த ஆய்வாளர் சாமுவேல் நோவா கிரேமர், 1966இல் தன் கருத்தைத் தானே திருத்தி எழுதினார்.

கெஷ்டினன்னா தானாக முன்வந்து பாதாளம் போனாள் என்று பலரும் எழுதுகிறார்கள். ஆனால் இனன்னாவின் கதையைச் சொல்லும் அந்தப் பாடலில் தீர்ப்பைச் சொல்வது இனன்னாதான். கெஷ்டினன்னாவின் மனசு தெரிய வேண்டுமென்றால் 'துமுசியின் கனவு' என்ற இன்னொரு சுமேரியப் பாடலுக்குப் போக வேண்டும்.

துமுசி கெட்ட கனவு கண்டு நடுங்கி எழுகிறான். கூப்பிடு என் உடன்பிறந்தாளை என்கிறான். பலகை படிக்கத் தெரிந்தவள், பாட்டு அறிந்தவள், கனவின் பொருள் தெரிந்தவள் என்று வரிசையாகச் சொல்லி அழைக்கிறான். கனவைக் கேட்டதும், இது நல்ல கனவில்லை, மேலே சொல்லாதே என்கிறாள். அப்புறம் ஒவ்வொன்றாகப் பிரித்துச் சொல்கிறாள். உன்னைச் சுற்றிக் கோரை எழுந்ததா? பதுங்கியிருப்பவர்கள் உன்மேல் பாயப்போகிறார்கள். ஒற்றைக் கோரை தலையாட்டியதா? உன்னைப் பெற்றவள் உனக்காகத் தலையாட்டி அழப்போகிறாள். இரட்டைக் கோரையில் ஒன்று பிடுங்கப்பட்டதா? அது நீயும் நானும்.

இந்தக் கடைசி விளக்கத்தில் நான் ஒவ்வொரு முறையும் நின்றுவிடுகிறேன். சொல்கிறவளே அந்த இரண்டில் ஒருத்தி.

பிறகு 'கல்லா' எனப்படும் பாதாளத்து ஏவலர்கள் துமுசியைப் பிடிக்க வருகிறார்கள். ஆறு நிறையத் தண்ணீர் தருகிறோம், வயல் நிறையத் தானியம் தருகிறோம், அவன் எங்கே என்று கெஷ்டினன்னாவிடம் கேட்கிறார்கள். வாங்க மறுக்கிறாள். உடன்பிறந்தவன் ஒளிந்த இடத்தைக் காட்டிக்கொடுத்த பெண் ஆதிகாலம் முதல் எங்காவது உண்டா என்று அந்த ஏவலர்களே பேசிக்கொண்டு, துமுசியின் நண்பனைத் தேடிப் போகிறார்கள். நண்பன் வாங்கிக்கொள்கிறான், சொல்லிவிடுகிறான். துமுசி பிடிபடும்போது சொல்வது: என் உடன்பிறந்தாள் என்னை வாழவைத்தாள், என் நண்பன் என்னைச் சாகவைத்தான்.

மெசொப்பொத்தேமியாவின் இன்னொரு மொழியான அக்காடியத்தில் இவளை பேலெத்-சேரி என்ற தெய்வத்தோடு ஒன்றாக்கினார்கள். 'வெளிநிலத்துத் தலைவி' என்று அர்த்தம். கில்காமேஷ் காவியத்தின் 7ஆம் பலகையில், சாகக் கிடக்கும், கில்காமேஷின் தோழன் எங்கிடு தன் கனவில் பாதாளத்தைப் பார்க்கிறான். அங்கே அரசி எரெஷ்கிகால் அமர்ந்திருக்கிறாள். அவள் முன்னால் பாதாளத்தின் கணக்கெழுத்தாளியாக பேலெத்-சேரி குந்தியிருக்கிறாள், கையில் பலகையை வைத்து உரக்கப் படித்துக்கொண்டு.