வீட்டு உறுதியை அலுமாரியிலேயே வையுங்கள்

போன கிழமை திருகோணமலை உப்புவெளியிலிருந்து ஒரு தாயும் மகளும் படிப்பு ஆலோசனை கேட்டு என்னிடம் வந்திருந்தார்கள். மகள் உயர்தரத்தில் கணிதப் பிரிவு. பொறியியல் பீடத்துக்கு இசட் புள்ளி, அதாவது பல்கலைக்கழக அனுமதிக்குப் பார்க்கும் புள்ளி, காணாது. டொரொன்டோவில் இருக்கும் மாமாவோ, "இனி உலகமே ட்ரோன் சண்டைதான், பிள்ளையை லண்டனில விமானப் பொறியியல் படிக்க விடுங்கோ" என்று நாள்தோறும் வட்ஸ்அப்பில் நிற்கிறார். வீட்டு உறுதியை ஈடு வைத்துக் கடன் எடுப்பது வரை பேச்சுப் போய்விட்டது.

தாய் முல்லைத்தீவில் பிறந்தவர். "சேர், வண்டு சுத்தினா பின்னாலேயே செல் வரும் எண்டு பங்கருக்குள்ள கிடந்தனாங்கள். அதையே இவள் படிக்கப் போறாளே" என்றார். வன்னியில் ஆளில்லா விமானத்துக்குச் சனம் வைத்த பெயர்தான் வண்டு. செல் என்றது எறிகணை.

அம்மா, அந்தப் பயத்தைப் போக்க என்னிடம் வார்த்தை இல்லை. ஆனால் கடனைப் பற்றி நேரடியாகச் சொல்கிறேன்: எடுக்காதீர்கள். ஆயுத ட்ரோன் செய்யும் நிறுவனங்கள் சாதாரண நிறுவனங்கள் அல்ல. அமெரிக்காவின் ஆயுத ஏற்றுமதி விதிகள், நம்மைப் போன்ற வெளிநாட்டவரைத் தனி அனுமதி இல்லாமல் அந்தத் தொழில்நுட்பத் தகவலைத் தொடவே விடாது. மற்ற நாடுகளிலும் பாதுகாப்புச் சோதனை தாண்டித்தான் அந்த வாசலுக்குள் போகலாம். திருகோணமலைப் பிள்ளை ஒன்று வீட்டை அடகு வைத்துப் படித்துவிட்டு அந்த வாசலில் நிற்பதற்கு நான் சம்மதிக்க மாட்டேன். மாமாவின் அக்கறை உண்மையானதுதான். ஆனால் வட்டி கட்டப்போவது அவர் அல்ல.

சரி, பிள்ளைக்கு என்ன விருப்பம்? அதை அதுவரை யாரும் கேட்கவில்லை. நான் கேட்டேன். 2002 நவம்பரில் யேமனில் அமெரிக்க ட்ரோன் ஒன்று பாலைவனத்தில் போன காரை ஏவுகணையால் அடித்தது. அல்-கைதா ஆட்கள் போன கார் என்றார்கள். அதைப் பற்றி வாசித்திருக்கிறாள். "அந்தக் காருக்குள்ள ஆர் இருந்தது எண்டு மேல இருந்து எப்படி சேர் தெரியும்?" என்று என்னையே திருப்பிக் கேட்டாள்.

இந்தக் கேள்வி இறக்கை செய்கிற ஆளின் கேள்வி இல்லை, படம் வாசிக்கிற ஆளின் கேள்வி. ஆப்கானிஸ்தான் வானத்தில் பறந்த ட்ரோன்களை நெவாடாவின் கிரீச் தளத்தில் இருந்துகொண்டே ஓட்டினார்கள். ஒருவர் ஓட்டுவார், பக்கத்தில் ஒருவர் கமராவைப் பிடிப்பார், வேறு இடங்களில் இன்னும் பலர் அந்தப் படத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். படத்தைப் பிழையாக வாசித்தால் என்ன நடக்கும் என்பதற்கு 2021 ஓகஸ்ட் 29 காபூல் போதும். வெடிமருந்துக் கார் என்று நினைத்து ஒரு வெள்ளை டொயோட்டா கொரொல்லாவை அடித்தார்கள். செத்தது 10 பொதுமக்கள், அதில் 7 பேர் சிறுவர்கள். காரை ஓட்டியவர் ஓர் உதவி நிறுவனத்து ஊழியர். அவர் ஏற்றியது தண்ணீர்க் கான்கள் என்று சிசிடிவி காட்சிகளை வைத்து நியூயார்க் டைம்ஸ் காட்டிய பிறகு, செப்டெம்பர் 17இல் அமெரிக்க இராணுவம் பிழையை ஒப்புக்கொண்டது.

அப்படிக் கண்டுபிடிக்கும் வேலைக்கு ஒரு படிப்பு நம் நாட்டிலேயே, கட்டணம் இல்லாமல் இருக்கிறது: சப்ரகமுவ பல்கலைக்கழகத்தின் நில அளவை விஞ்ஞானப் பட்டம். பெலிஹுல்ஓயாவில் உள்ள அந்தப் பீடத்தில் தொலையுணர்வும் (மேலிருந்து எடுத்த படங்களை வாசிப்பது) ஜிஐஎஸும் (கணினியில் வரைபடத் தகவலை ஆராய்வது) தனித் துறையாகவே இருக்கின்றன. தாய்க்கு முகம் சுருங்கியது. "சேவையர் வேலையா?" இல்லை அம்மா, அது மட்டும் இல்லை. குண்டு விழுவதற்கு முன் எடுத்த செய்மதிப் படத்தையும் பின் எடுத்ததையும் பக்கத்தில் வைத்து, எந்தக் கூரை இல்லை என்று எண்ணுவது. நிழலின் திசையையும் நீளத்தையும் வைத்து வீடியோ எத்தனை மணிக்கு எடுத்தது என்று கணக்கிடுவது. மலைவிளிம்பையும் வீதி வளைவையும் பொருத்தி இடத்தைப் பிடிப்பது. ஐ.நா.வின் செய்மதி மையமான யுனோசாட், காஸாவிலும் உக்ரைனிலும் இடிந்த கட்டடங்களை இப்படிப் படங்களை ஒப்பிட்டுத்தான் கணக்கெடுக்கிறது. உங்கள் முல்லைத்தீவில் முடிந்த இறுதிப் போரைப் பற்றி 2011இல் வந்த ஐ.நா. நிபுணர் குழு அறிக்கையிலும் செய்மதிப் படங்கள் இருக்கின்றன. தாய் அதன்பிறகு கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

என் மேசையில் கிடந்த ஒரு பழைய புகைப்படத்தை மகளிடம் கொடுத்தேன். கொஞ்ச நேரம் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "பின்னேரம் எடுத்தது சேர். உள்துறைமுகத்தைப் பார்த்துக்கொண்டு நிண்டு எடுத்திருக்கினம், நிழல் எங்கட பக்கம் விழுது." சரியாகச் சொன்னாள். இந்தக் கண் விலை கொடுத்து வாங்கக்கூடியது இல்லை.

ஜெனீவாவில், அந்த யுனோசாட்டில் வேலை நிச்சயம் என்று நான் சொல்லவில்லை. அந்த வழி நீளம், ஆங்கிலம் நன்றாக வேண்டும். ஆனால் அது கைகூடாவிட்டாலும் நில அளவையாளருக்கு மூதூரிலும் கிண்ணியாவிலும் காணிப் பிரச்சினை முடியும் வரை வேலை உண்டு. உரிய பயிற்சி முடித்து உரிமம் எடுத்தால் சொந்தமாகவே செய்யலாம். கடனும் இல்லை. தகுதி பார்த்து மகாபொல புலமைப்பரிசில் கிடைத்தால் கைச்செலவுக்கும் ஓரளவு காணும்.

தங்கச்சி, க்யூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருள் இலவசம், இன்றைக்கே இறக்கு. ஐரோப்பிய சென்டினல்-2 செய்மதிப் படங்களும் இலவசம், ஒரு புள்ளிக்கு 10 மீட்டர் தெளிவு. சாம்பல்தீவுக் கரையை ஐந்து வருட இடைவெளியில் இரண்டு படத்தில் எடுத்து, எங்கே கரை தின்றிருக்கிறது என்று கோடு போட்டுக்கொண்டு வா. அம்மா, பல்கலைக்கழக அனுமதி விண்ணப்பத்தில் விருப்ப வரிசையைப் பிள்ளையே எழுதட்டும். அதுவரைக்கும் வங்கிப் பக்கம் போகாதீர்கள். மாமாவோடு பேச வேண்டுமென்றால் என் முன்னால் இருந்தே அழைப்பு எடுங்கள், நானும் பேசுகிறேன்.