மில்ஃபெய்: கஸ்டர்ட் ஏன் இளகுகிறது, ஏடு ஏன் நமத்துப்போகிறது?

மில்ஃபெய் செய்து பார்த்தவர்கள் அனுப்பிய கேள்விகளில் ஆறை எடுத்துக்கொண்டிருக்கிறேன். புதிதாக வருபவர்களுக்கு: மொறுமொறுப்பான மூன்று பஃப் பேஸ்ட்ரி தகடுகள், நடுவே இரண்டு அடுக்கு வெனிலா கஸ்டர்ட். இதுதான் பிரான்ஸின் மில்ஃபெய். பிரெஞ்சில் 'மில்' என்றால் ஆயிரம், 'ஃபெய்' என்றால் இலை, ஏடு.

மேடம், கஸ்டர்ட் அடுப்பில் இருக்கும்போது நன்றாகக் கெட்டியானது. ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்துவிட்டுக் காலையில் எடுத்தால் மோர்க்குழம்பு மாதிரி ஓடுகிறது. இரண்டு முறை இப்படி ஆகிவிட்டது. கார்ன்ஃப்ளார் போதவில்லையா?

கார்ன்ஃப்ளாரைக் கூட்டாதீர்கள், கூட்டினாலும் மறுநாள் இளகத்தான் செய்யும். நீங்கள் அடுப்பைச் சீக்கிரம் அணைத்துவிட்டீர்கள். முட்டையின் மஞ்சள் கருவில் ஆல்ஃபா அமைலேஸ் என்ற நொதி இருக்கிறது. நம் எச்சிலில் இருந்து சோற்றின் மாவுச்சத்தை உடைக்கிற அதே வகை நொதிதான். கஸ்டர்ட் கெட்டியானவுடன் இறக்கிவிட்டால் அது சாகாது. ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜுக்குள் உட்கார்ந்து மாவுச்சத்தை மெல்ல மெல்ல அறுத்துக்கொண்டிருக்கும். காலையில் உங்களுக்கு மோர்க்குழம்பு.

கொதித்தால் முட்டை திரிந்துவிடும் என்ற பயத்தில்தான் எல்லோரும் இறக்கிவிடுகிறார்கள். மாவு சேர்க்காத கஸ்டர்ட் 85 டிகிரியைத் தாண்டினால் திரியும், அது உண்மை. ஆனால் இதில் கார்ன்ஃப்ளார் இருக்கிறது. முட்டைப் புரதங்கள் ஒன்றோடொன்று சேர்ந்து கட்டியாகாமல் அது தடுத்துவிடும். அதனால் தைரியமாகக் கொதிக்க விடலாம், கொதிக்க விட்டே ஆக வேண்டும்.

நான் வைத்திருக்கும் அளவு: பால் 500 மி.லி., மஞ்சள் கரு 5, சர்க்கரை 100 கிராம், வெள்ளை கார்ன்ஃப்ளார் 45 கிராம், வெண்ணெய் 40 கிராம், ஒரு வெனிலா காய். மஞ்சள் நிற மக்காச்சோள மாவு வேறு பொருள், அது இதற்கு ஆகாது. மஞ்சள் கருமேல் சர்க்கரையைக் கொட்டினால் உடனே அடித்துவிடுங்கள், அப்படியே விட்டால் கரு குட்டிக் குட்டிக் கட்டிகளாகும். அப்புறம் கார்ன்ஃப்ளார். பிறகு சூடான பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கலக்கி, திரும்ப அடுப்பில் வையுங்கள்.

இனிமேல்தான் கவனம். விஸ்க்கால் கிண்டிக்கொண்டே இருந்தால் முதலில் நுரை அடங்கும், பிறகு அடிப்பக்கம் கெட்டியாகும், சட்டென்று முழுவதும் களிபோல ஆகும். பெரும்பாலானோர் அங்கேதான் அணைக்கிறார்கள். கிண்டுவதை ஒரு விநாடி நிறுத்திப் பாருங்கள். நடுவில் ஒரு குமிழி தடித்து மேலே வந்து 'ப்ளப்' என்று வெடிக்க வேண்டும். அந்தக் குமிழியிலிருந்து இரண்டு நிமிடம், விடாமல் கிண்டியபடி. களி கொஞ்சம் தளர்ந்து பளபளப்பாகும். இப்போது இறக்கி வெண்ணெயைச் சேர்த்து, அகலத் தட்டில் பரப்பி, கிளிங் ஃபிலிமை கஸ்டர்டின் மேலேயே ஒட்டினாற்போல் போட்டு ஆறவிடுங்கள். ஆடை படியாது. சூடு தணிந்ததும் ஃபிரிட்ஜில் வைத்து, இரண்டு நாளுக்குள் பயன்படுத்திவிடுங்கள்.

நான் கற்றுக்கொண்ட காலத்தில் இருபது பேருக்கான கஸ்டர்டை இப்படி இழந்திருக்கிறேன். விருந்தாளிகள் வர இரண்டு மணி நேரம் இருந்தது. அதனால்தான் இவ்வளவு நீளமாகச் சொல்கிறேன்.

சென்னையில் இருக்கிறேன். பஃப் பேஸ்ட்ரி மாவைத் தேய்க்கும்போது வெண்ணெய் உருகி வெளியே வருகிறது. கடையில் கிடைக்கும் ரெடிமேட் ஷீட்டுக்கே போய்விடலாமா?

போகலாம், தப்பே இல்லை. ஆனால் பாக்கெட்டின் பின்புறம் படியுங்கள். வெண்ணெய்க்குப் பதில் தாவரக் கொழுப்பு இருந்தால் நன்றாக உப்பும், வாசனைதான் வராது. நம் பேக்கரி முட்டை பப்ஸின் மேலோடும் இதே மடிப்பு நுட்பம்தான். பெரும்பாலும் வனஸ்பதியோ மார்ஜரினோ போடுவதால் வெயில் காலத்திலும் அவர்களால் செய்ய முடிகிறது. வெண்ணெய் முப்பத்திரண்டு, முப்பத்தைந்து டிகிரியிலேயே உருகிவிடும், மே மாதச் சென்னைச் சமையலறையே அந்தச் சூட்டில்தான் இருக்கும்.

வீட்டில்தான் செய்வேன் என்றால் விடியற்காலையில் ஆரம்பியுங்கள், அல்லது ஏசி அறைக்கு மேசையை மாற்றுங்கள். மைதா 250 கிராம், ஐஸ் தண்ணீர் 125 மி.லி., உருக்கிய வெண்ணெய் 30 கிராம், உப்பு 5 கிராம் சேர்த்துப் பிசைந்த மாவு. உள்ளே வைக்க 200 கிராம் வெண்ணெய், சதுரப் பலகையாகத் தட்டியது. உப்பு வெண்ணெய் என்றால் மாவில் உப்பு வேண்டாம். அந்தப் பலகையை வளைத்துப் பாருங்கள். முறிந்தால் குளிர் அதிகம், மாவுக்குள்ளே துண்டு துண்டாக உடையும். விரல் வைத்ததும் பளபளவென்று எண்ணெய் கசிந்தால் சூடு அதிகம். தோல் பெல்ட் மாதிரி வளைய வேண்டும். பிரான்ஸில் இதற்கென்றே 84 சதவீதம் கொழுப்புள்ள வெண்ணெய் விற்கிறார்கள். நம் டேபிள் வெண்ணெயில் 80 சதவீதம்தான், மீதியில் பெரும்பங்கு தண்ணீர். அதனால் சீக்கிரம் இளகும்.

மூன்றாக மடித்துத் தேய்ப்பது ஒரு மடிப்பு, மொத்தம் ஆறு. ஒவ்வொரு இரண்டு மடிப்புக்கும் இடையில் அரை மணி நேரம் ஃபிரிட்ஜ். நம் ஊர் வெயிலில் ஒவ்வொரு மடிப்புக்குமே வைத்துவிடுங்கள். ஆறு மடிப்பில் வெண்ணெய் ஏடுகள் 729 ஆகின்றன, மாவு ஏடுகள் 730. ஆயிரம் இல்லைதான், ஆனாலும் கையால் இத்தனை ஏடு எழுப்புவது எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்.

முட்டை சாப்பிடாத வீடு. எங்களால் முடியுமா?

தாராளமாக. பஃப் பேஸ்ட்ரியில் முட்டையே கிடையாது. கஸ்டர்டுக்கு 500 மி.லி. பாலில் 55 கிராம் கார்ன்ஃப்ளார், 60 கிராம் வெண்ணெய். முட்டை இல்லாததால் நான் மேலே சொன்ன நொதிப் பிரச்சினையும் இல்லை. கஸ்டர்ட் பவுடரும் போடலாம். அதைக் கண்டுபிடித்ததே முட்டை ஒத்துக்கொள்ளாத ஒருவருக்காகத்தான். 1837-இல் இங்கிலாந்தின் பர்மிங்ஹாமில் ஆல்ஃபிரெட் பேர்ட் என்ற மருந்துக்கடைக்காரர் தன் மனைவிக்காகச் செய்தார். வாசனைக்கு மட்டும் நல்ல வெனிலா வாங்குங்கள், முட்டை இல்லாத கஸ்டர்டில் அதுதான் முன்னால் நிற்கும்.

அடுக்கி வைத்து இரண்டு மணி நேரத்தில் நமத்துப்போய்விடுகிறது. பிரெஞ்சு பேக்கரியில் மட்டும் எப்படி மொறுமொறுவென்று இருக்கிறது?

அங்கேயும் காலையில் அடுக்கியது மாலைக்குள் விற்றாக வேண்டும். கஸ்டர்டின் ஈரம் ஏடுகளுக்குள் இறங்குவதை யாராலும் நிறுத்த முடியாது, தள்ளிப்போடத்தான் முடியும். முதலில், ஏடு உள்வரைக்கும் வெந்திருக்க வேண்டும். வெளிர் பொன்னிறத்தில் எடுக்காதீர்கள், தேங்காய் ஓட்டு நிறம் வரட்டும். 200 டிகிரியில், மேலே ஒரு பேக்கிங் பேப்பர், அதன்மேல் இன்னொரு தட்டு. சுமார் 25 நிமிடம் கழித்துத் தட்டை எடுத்துவிட்டு இன்னும் பத்து நிமிடம்.

அப்புறம் ஐசிங் சர்க்கரையைச் சல்லடையால் மெல்லியதாகத் தூவி, 220 டிகிரிக்கு ஏற்றி மூன்று நான்கு நிமிடம் வையுங்கள். ஓவனை விட்டு நகராதீர்கள். வெள்ளைத் தூள் முதலில் மறையும், பிறகு திட்டுத் திட்டாக மினுங்கும், கடைசியில் கண்ணாடி ஊற்றினதுபோல் ஒரே பூச்சாகும். அந்தப் பூச்சு ஈரத்தைப் பெரிதும் தடுக்கும். ஏடுகளை முந்தின நாளே சுட்டு, நன்றாக ஆறியபின் காற்றுப் புகாத டப்பாவில் வைக்கலாம். அடுக்குவதைப் பரிமாறுவதற்கு ஒரு மணி நேரத்துக்கு முன்னால் வைத்துக்கொள்ளுங்கள்.

நெப்போலியன் என்று ஒரு கேக் பார்த்தேன். அதுவும் இதுவும் ஒன்றா?

நெருங்கிய சொந்தம். அமெரிக்காவிலும் ரஷ்யாவிலும் அந்தப் பெயர். நேப்பிள்ஸ் நகரத்தைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல் திரிந்து வந்தது என்பதே பலரும் சொல்லும் விளக்கம். நெதர்லாந்தில் மேலே இளஞ்சிவப்பு ஐசிங் பூசி தொம்பூஸ் என்பார்கள், அரசர் பிறந்தநாளுக்கு அது ஆரஞ்சு நிறமாகும்.

வெட்டும்போது கஸ்டர்ட் எல்லாம் பக்கவாட்டில் பிதுங்கி, மேல் ஏடு நொறுங்கிவிடுகிறது. படத்தில் இருப்பதுபோல நேர்த்தியாக எப்படி வெட்டுவது?

அடுக்கியபின் வெட்டாதீர்கள். பேஸ்ட்ரி ஆறியதும், கஸ்டர்ட் தொடும் முன்பே, பல் உள்ள பிரெட் கத்தியால் 10 செ.மீ. நீளம், 4 செ.மீ. அகலத்தில் துண்டுகளாக்கிவிடுங்கள். அழுத்தாமல் ரம்பம்போல இழுத்து இழுத்து. குளிர்ந்த கஸ்டர்டை விஸ்க்கால் அடித்து வழவழப்பாக்கி, பைப்பிங் பையில் நிரப்பி, சின்னச் சின்ன உருண்டைகளாகப் பிழியுங்கள். சாப்பிடும்போதும் மேலிருந்து முள்கரண்டியால் குத்தினால் பிதுங்கத்தான் செய்யும். துண்டைப் பக்கவாட்டில் சாய்த்துப் படுக்க வைத்து, ஏடுகளின் ஓரமாகக் கத்தியை இறக்குங்கள்.