சான் மாமெஸ் எவ்வளவு பழையது?

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஸ்பெயினின் கால்பந்து அரங்கங்கள் பற்றிய கட்டுரையில், பில்பாவோ நகரத்தின் சான் மாமெஸ் 1913-இல் திறக்கப்பட்டது என்று எழுதியிருந்தீர்கள். தொலைக்காட்சியில் பார்த்தால் போன வருடம் கட்டியதுபோலப் பளபளக்கிறது. வேறு சில இடங்களில் 2013 என்று படித்தேன். அச்சுப்பிழையா, இல்லை இரண்டும் சரியா? ஸ்பெயினிலேயே மிகப் பழையது இதுதான் என்கிறார் நண்பர் ஒருவர். பழையதை இடித்துப் புதியதைக் கட்டும்போது அணி ஒரு ஆட்டத்தைக்கூட வெளியே போய் ஆடவில்லை என்றும் சொல்கிறார். அது எப்படி முடியும்? அடுத்த வருடம் அங்கே ஒரு ஆட்டம் பார்க்கும் எண்ணம் இருக்கிறது. எங்கே உட்கார்ந்தால் நல்லது?

அன்புடன்,
ம.

அன்புள்ள ம.,

இரண்டு வருடங்களும் சரி. 1913 பழைய கட்டடத்தின் வயது. 2013 அதை ஒட்டி எழுந்த புதிய கட்டடத்தின் வயது. பெயரும் கிளப்பும் ஊரின் அந்த மூலையும் மாறவில்லை என்பதால் பில்பாவோக்காரர்கள் இரண்டையும் ஒன்றாகவே எண்ணுகிறார்கள். கட்டட வரலாறு எழுதுபவர் அப்படி எண்ண முடியாது. என் கட்டுரையின் அந்த வரிக்குப் பக்கத்தில் இன்னொரு வரி வேண்டும், சேர்த்துவிடுகிறேன்.

நண்பர் சொன்னதில் பாதிதான் உண்மை. ஸ்பெயினில் இன்றும் தொழில்முறை ஆட்டம் நடக்கும் இடங்களில் மூத்தது ஹிஹோன் நகரத்தின் எல் மொலினோன். அங்கே 1908-இலிருந்து பந்து உருள்கிறது. பழைய சான் மாமெஸின் பெருமை வேறு. 1929-இல் ஸ்பானிய லீக் தொடங்கியதிலிருந்து ஒருமுறைகூட இரண்டாம் பிரிவுக்கு இறங்காத கிளப்புகள் மூன்றுதான்: ரியல் மாட்ரிட், பார்சிலோனா, சான் மாமெஸில் ஆடும் பில்பாவோவின் அத்லெதிக் கிளப். முதல் இரண்டும் நடுவில் அரங்கத்தை வேறு இடத்துக்கு மாற்றிக்கொண்டன. அதனால் முதல் சீசனிலிருந்து 2013 வரை எல்லா சீசன்களிலும் முதல் பிரிவு ஆட்டம் நடந்த ஒரே மைதானம் சான் மாமெஸ். 1931 பிப்ரவரியில் பார்சிலோனா 12-1 என்று தோற்றுத் திரும்பியதும் இங்கேதான். அன்று பாதா என்ற முன்கள ஆட்டக்காரர் மட்டும் ஏழு கோல் போட்டார்.

1913-இல் கட்டியது மிகச் சிறியது. மனுவேல் மரியா ஸ்மித் வரைந்த திட்டம், ஏறக்குறைய 89,000 பெசெட்டா செலவு. ஜனவரியில் தொடங்கிய வேலை ஆகஸ்ட் 21-இல் முதல் ஆட்டத்தில் முடிந்தது. எதிரணி ராசிங் தெ இரூன், முடிவு 1-1. அந்த மைதானத்தின் முதல் கோலைப் போட்டவர் பிச்சிச்சி என்று எல்லோரும் கூப்பிட்ட ரஃபாயெல் மொரெனோ அரன்ஸாதி. ஸ்பானிய லீக்கில் அதிக கோல் போடுபவருக்கு இன்று தரப்படும் விருது இவர் பெயரில்தான் இருக்கிறது. 1922-இல், 29 வயதில் டைஃபஸ் காய்ச்சலில் இறந்தார். 1926-இல் மைதானத்தில் அவருடைய மார்பளவு சிலை வைத்தார்கள். முதன்முறையாக அங்கே ஆட வரும் அணியின் கேப்டன் அந்தச் சிலைக்கு மலர்க்கொத்து வைத்துவிட்டுத்தான் ஆடுவார். சிலை புதிய அரங்கத்துக்கும் வந்துவிட்டது, வழக்கமும் கூடவே வந்தது.

பெயர் பக்கத்திலிருந்த ஆதரவற்றோர் இல்லத்தின் சிற்றாலயத்திலிருந்து வந்தது. மூன்றாம் நூற்றாண்டின் புனித மாமெஸைச் சிங்கங்களுக்கு இரையாகப் போட்டபோது அவை அவரைத் தொடாமல் படுத்துக்கொண்டன என்பது ஐதீகம். ஆட்டக்காரர்களைச் சிங்கங்கள் என்று அழைப்பது அதனால்தான். அந்த இல்லத்தின் கட்டடம் இன்றும் அரங்கத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது.

பழைய அரங்கத்தில் பொறியியல் ரீதியாகச் சொல்ல வேண்டியது ஒன்றே ஒன்று, 1953-இல் வந்த வளைவு. அதுவரை பெரிய கேலரிக்குக் கூரை போட வேண்டுமென்றால் முன்வரிசையில் தூண் நிறுத்துவார்கள். தூணுக்குப் பின்னால் உட்கார்ந்தவருக்குக் கோல்கம்பம் தெரியாது. பில்பாவோவில் கூரையைக் கீழிருந்து தாங்காமல் மேலிருந்து பிடித்துத் தொங்கவிட்டார்கள். அதற்காக கேலரியின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு ஏறக்குறைய 115 மீட்டர் அகலத்துக்கு எஃகு வளைவு. கணக்குப் போட்டவர் கார்லோஸ் ஃபெர்னாந்தெஸ் கசாதோ, பாலங்கள் கட்டிப் பெயரெடுத்த பொறியாளர். அதைப் பார்த்தவுடனேயே பாலக்காரர் கை என்று தெரியும். எந்த வளைவும் தன் இரு கால்களையும் வெளிப்பக்கமாக உதைத்துத் தள்ளும். அந்த உதைப்பை இழுவைக் கம்பியோ கனமான முட்டோ கட்டி நிறுத்தாவிட்டால் உச்சி கீழிறங்கும், கூரை தொய்யும்.

1982 உலகக்கோப்பைக்காக மற்ற பக்கங்களைத் திருத்திக் கட்டியபோதும் வளைவு அப்படியே இருந்தது. இங்கிலாந்து முதல் சுற்றின் மூன்று ஆட்டங்களையும் இங்கே ஆடியது. பிரான்சுக்கு எதிராக பிரையன் ராப்சன் 27-ஆம் விநாடியில் போட்ட கோலின் படங்கள் இன்னும் சுற்றுகின்றன. பிறகு நின்று பார்க்கும் படிகளை எடுத்துவிட்டு நாற்காலி போட்டார்கள். நிற்பவரைவிட உட்கார்பவருக்கு இடம் கூடுதலாக வேண்டும், ஆகவே கொள்ளளவு 40,000-க்குக் கீழே வந்தது. நாலு பக்கமும் தெருவும் கட்டடமும் நெருக்கும் இடத்தில் இதற்குமேல் பெரிதாக்க வழியில்லை.

இப்போது உங்கள் முக்கியமான கேள்வி. பழைய அரங்கத்தை ஒட்டியிருந்த வர்த்தகக் கண்காட்சி வளாகம் பக்கத்து ஊரான பரகால்தோவுக்கு இடம் மாறியதால் அந்த நிலம் காலியானது. ஆனால் முழு அரங்கத்துக்கு அது போதவில்லை. புதிய வரைபடத்தின் ஒரு பக்கம் பழைய அரங்கத்தின்மேலேயே விழுந்தது. அதனால் 2010-இல் வேலையைத் தொடங்கி மூன்று பக்கங்களை மட்டும் எழுப்பினார்கள். அணி பக்கத்திலேயே பழைய மைதானத்தில் ஆடிக்கொண்டிருந்தது. 2013 மே 26-இல் லெவாந்தே அணியுடன் கடைசி லீக் ஆட்டம், 0-1 தோல்வி. அதன்பிறகு இடிப்பு. செப்டம்பர் 16-இல் செல்தாவுக்கு எதிராக, நான்காவது பக்கம் இல்லாமலேயே புதிய அரங்கத்தைத் திறந்தார்கள், 3-2 வெற்றி.

இடிப்புக்கும் திறப்புக்கும் இடையில் லீக் தொடங்கிவிட்டது. ஒசாசுனாவுக்கு எதிரான சொந்த ஊர் ஆட்டத்தை சான் செபஸ்தியானில், அனோயெதா அரங்கத்தில் ஆட வேண்டியிருந்தது. ஆக, ஒரு ஆட்டம் வெளியே போனது. நண்பரிடம் சொல்லிவிடுங்கள்.

இந்த முறைக்கு விலை உண்டு. முதல் சீசன் முழுக்க ஒரு கோலுக்குப் பின்னால் கட்டுமானத் தளம்தான். அந்தப் பக்கம் சத்தம் வெளியே போகும், காற்று உள்ளே வரும். பழைய அரங்கத்தைவிட இருக்கைகளும் குறைவு, எனவே சந்தாதாரர்களுக்கு இடம் பிரித்துக் கொடுப்பதே பெரும்பாடு. 2014 ஆகஸ்டில் தெற்குப் பக்கம் முடிந்து, நபோலிக்கு எதிரான சாம்பியன்ஸ் லீக் தகுதிச்சுற்றில் நான்கு பக்கமும் நிறைந்தன. அன்று 3-1 வெற்றி. இப்போது கொள்ளளவு 53,000-க்குச் சற்று மேல். வடிவமைத்தது ஐடாம் நிறுவனத்தின் சீசர் அஸ்காரத்தே குழு. வெளிச்சுவரில் முறுக்கிய வெள்ளைத் தகடுகள் வரிசையாக நிற்கும். அவை ஈடிஎஃப்ஈ என்ற பிளாஸ்டிக் படலம், இரவில் உள்ளிருந்து எல்இடி விளக்கு எரியும். 2015-இல் உலகக் கட்டடக்கலை விழாவில் விளையாட்டுக் கட்டடப் பிரிவின் விருது கிடைத்தது.

விருது வாங்கிய கட்டடத்தில் முன்வரிசைக்காரர்கள் நனைந்தார்கள். பில்பாவோ மழை ஊர், மழை காற்றோடு வரும். விநாடிக்கு 7 மீட்டர் வேகத்தில் விழும் துளியை 5 மீட்டர் வேகக் காற்று தள்ளினால், 30 மீட்டர் உயரத்திலிருந்து தரைக்கு வருவதற்குள் அது 21 மீட்டர் உள்ளே போய்விடும். கூரை விளிம்பு மேலிருந்து பார்க்கும்போது இருக்கையை மூடினால் போதாது, அதையும் தாண்டி நீள வேண்டும். 2016 கோடையில் கூரையை உள்பக்கமாக நீட்டினார்கள்.

ஆனால் மழையைத் தடுக்கும் கூரை வெயிலையும் தடுக்கும். பில்பாவோவில் டிசம்பர் நண்பகலில் சூரியன் 23 பாகை உயரத்துக்குத்தான் ஏறும். 40 மீட்டர் உயரமுள்ள பொருளின் நிழல் அப்போது 90 மீட்டருக்கு மேல் நீளும், ஆடுகளமோ 105 மீட்டர்தான். இப்படி நாலு பக்கமும் உயர்ந்த அரங்கங்களில் புல் தானாக வளரும் என்று விட்டுவிட முடியாது. சக்கரம் பூட்டிய விளக்குச் சட்டங்களை இரவும் பகலும் நகர்த்திக்கொண்டிருப்பார்கள்.

எனக்கு ஒரே ஒரு மனக்குறை. வளைவைக் காப்பாற்றினார்கள், பாராட்ட வேண்டும். ஆனால் கொண்டுபோய் நிறுத்தியது ஊருக்கு வெளியே, லெஸாமா பயிற்சி மைதானத்தில். அறுபது வருடம் அரங்கத்தின் அடையாளமாக இருந்த பொருள் இப்போது அரங்கத்தில் இல்லை. புதிய அரங்கத்தில் அதற்கு ஒரு வேலை கொடுத்திருக்கலாம் என்றே இன்னும் நினைக்கிறேன்.

ஆட்டம் பார்க்கப் போகும்போது மெட்ரோவில் சான் மாமெஸ் நிலையத்தில் இறங்குங்கள். நேரமிருந்தால் ஒரு நிறுத்தம் முன்பே, இந்தாவுசுவில் இறங்கி லிசென்சியாதோ போஸா தெரு வழியாக நடங்கள். தெருவின் முடிவில் அரங்கம். வழிநெடுக மதுக்கடைகள், ஆட்ட நாளில் நடக்க இடமிருக்காது. பிச்சிச்சி சிலை, பழைய கோப்பைகள் எல்லாம் பார்க்க அரங்கத்திலேயே அருங்காட்சியகம் இருக்கிறது. அதை ஆட்டம் இல்லாத நாளில் வைத்துக்கொள்ளுங்கள். இருக்கை விஷயத்தில், களத்தைச் சுற்றி ஓட்டப்பந்தயப் பாதை இல்லாததால் எந்த அடுக்கிலிருந்தும் களம் பக்கம்தான். பாடுபவர்கள் கோல்களுக்குப் பின்னால் இருப்பார்கள். ஆட்டத்தின் அமைப்பு தெரிய வேண்டுமானால் நீளப்பக்கத்தில் மேல் அடுக்கின் முன்வரிசைகளைக் கேளுங்கள். கீழ் அடுக்கின் முதல் சில வரிசைகள்தான் கிடைத்தால் வாங்கிக்கொள்ளுங்கள், மழைக்கோட்டு மட்டும் கையில் இருக்கட்டும்.